துரைக்குப் போட்ட இலை

ஓவியத்தில் இருந்த வேலி நகர்ந்திருந்தது.

முதலில் தாமரை தன் கண்ணைத்தான் குறை சொன்னாள். வளைகுடா நாட்டில், முவைலாவில் அவள் வேலை பார்த்த வில்லாவுக்கு வெளியே மணற்காற்று மதிய வெளிச்சத்தை மஞ்சளாக்கியிருந்தது. ஹாலில் ஏசியின் முனகலுக்கு அடியில் வேறொரு சத்தம், ஈரமண்ணில் கம்பு இறங்குவதுபோல, கேட்டும் கேட்காமலும் வந்துகொண்டிருந்தது. மெஹர்பானு மேடத்தின் குடும்பம் லீவுக்குக் கீழக்கரை போயிருந்தது. வீட்டில் வேலைக்காரி தாமரையும் சுவரில் அந்த ஓவியத்துத் துரையும்தான்.

கறுப்புக் கோட்டு, வெள்ளைக் கழுத்துப்பட்டை, மேசைமேல் ஒரு கை. அவருக்குப் பின்னால் வயல், ஓடை, சர்ச், ஓரமாக ஒரு சின்ன வேலி. மேடத்தின் மகள் அஃப்னா ஊருக்குப் போகுமுன் சொல்லியிருந்தாள்.

"ஆன்ட்டி, இவர் இங்கிலாந்துல லேண்ட்லார்ட். முந்நூத்தம்பது வருஷம் முன்னாடி. பார்லிமென்ட் மெம்பர், ஆனா அங்க வாயே திறந்ததில்லையாம். ஊர்ப் பொது நிலத்தைக் கொஞ்சங் கொஞ்சமா வேலி போட்டு எடுத்துக்கிட்டாராம். கிட்ஸ் இல்ல."

பிள்ளையில்லை என்பது மட்டும் தாமரையின் மனதில் தங்கிவிட்டது. ஆடி அமாவாசையன்று, செத்துப்போன புருஷனுக்கு இலை போட்டபோது, யாருமே சோறு வைக்காத மனுஷன் என்று பாவப்பட்டு, படத்துக்கு முன்னாலும் ஓர் இலை போட்டாள். அதோடு விட்டிருக்கலாம். புருஷனிடம் வேண்டிய வாய் பழக்கத்தில் இவரிடமும் வேண்டிவிட்டது.

"வந்து சாப்பிடுங்க. வீட்டையும் பிள்ளையையும் பாத்துக்கங்க."

மறுநாள் படத்தில் ஓடை வேலிக்குள் இருந்தது. அப்புறம் சர்ச். இன்றைக்கு வயலின் கோடியில், முன்பு இல்லாத ஒரு வீடு. நீலக் கதவு. பக்கத்தில் முருங்கை. மாடியில் சிமெண்ட் தொட்டி.

அவள் வீடு. இங்கே பாத்திரம் கழுவிக் கழுவி, சொந்த ஊரில் கட்டிய வீடு.

போன் அடித்தது. மகள் அகிலா. காலேஜ் லீவுக்கு முதுகுளத்தூர் வீட்டில் தனியாக இருக்கிறாள்.

"அம்மா, நம்ம வீட்டச் சுத்தி யாரோ வேலி ஊண்டியிருக்காகம்மா."

"கதவச் சாத்து."

"ஒருத்தரு நிக்கிறாரு. இந்த வெயில்ல கறுப்புக் கோட்டு. பிள்ளையப் பாத்துக்கச் சொல்லி நீதான் சோறு போட்டியாமே?"

தாமரை நிமிர்ந்தாள். படத்தில் மேசை இருந்தது. கை இல்லை. ஆள் இல்லை.

"தொறக்காத. அகிலா, தொறக்காதடி."

"அவரு உள்ளேதாம்மா இருக்காரு."

போன் அடங்கிவிட்டது. ஏசியும். அந்தச் சத்தமும்.

ஓவியத்தில் நீலக் கதவு மெல்லச் சாத்திக்கொண்டது. சுற்றிலும் வேலி. எங்கும் வாசல் இல்லை. ஜன்னலில், நகம் அளவுக்கு, அகிலாவின் முகம்.

அவள் தோளில் அந்தக் கை.