அரைஞாண் காணாமல் போன இடம்

காலை பத்தரை மணி. திருப்போரூர் கோயில் மொட்டைக் கொட்டகையில் ஒரு வயது ஹேமந்தின் தலை பளபளவென்றிருந்தது. இடுப்பு வெறுமையாக இருந்தது. குளிப்பாட்டுவதற்காகக் காசியம்மாள் கால்சட்டையைக் கழற்றியபோதுதான் வெள்ளி அரைஞாண் இல்லை என்பது தெரிந்தது. குழந்தையின் தாய் காயத்ரி போட்ட சத்தத்தில் கத்திகள் எல்லாம் ஒரு கணம் நின்றன.

சப்-இன்ஸ்பெக்டர் ஜெயக்குமார் வந்து சேர நேரமாகவில்லை. அவர் அந்தப் பக்கமேதான் சுற்றிக்கொண்டிருந்தார். மூன்று மாதத்தில் இது ஐந்தாவது புகார். எல்லாமே கைக்குழந்தைகள், எல்லாமே வெள்ளி அரைஞாண், எல்லாமே இதே கொட்டகை. அவருடைய கைபேசி வரைபடத்தில் சிவப்புப் புள்ளிகள் இங்கே ஒன்றன்மேல் ஒன்றாக விழுந்து கொழுத்துக் கிடந்தன. அதற்கு ஹாட்ஸ்பாட் என்று பெயர் வைத்து மேலிடத்தில் பாராட்டும் வாங்கியிருந்தார். மனிதருக்கு அதில் கொஞ்சம் பெருமை.

புள்ளியின் நடுவில் நின்றவள் காசியம்மாள். மொட்டை அடித்த குழந்தைகளுக்கு வெந்நீர் ஊற்றிச் சந்தனம் பூசுவது அவள் வேலை.

"நான் அவுக்கும்போதே இடுப்புல ஒண்ணும் இல்ல நைனா," என்றாள்.

"அஞ்சு தபாவும் இதத்தான சொல்ற?"

"அஞ்சு தபாவும் இல்லியே. நான் இன்னா செய்ய?"

கேஸ் எழுதினால் நாளையிலிருந்து வர வேண்டாம் என்று கொட்டகையைக் குத்தகை எடுத்தவர் சொல்லிவிட்டார். வேறு பிழைப்பு அவளுக்கு இல்லை. அவள் அழவில்லை. அண்டாவுக்கு அடியில் விறகை மட்டும் திரும்பத் திரும்பத் தள்ளிக்கொண்டிருந்தாள். பார்க்கவே கஷ்டமாக இருந்தது.

பெஞ்சில் காயத்ரி கண்ணைத் துடைத்துக்கொண்டிருந்தாள். பக்கத்தில் துர்காதேவி என்ற வயதான அம்மாள். ஹேமந்த் அவர் மடியில் தூங்கிப்போயிருந்தான். நடுநடுவே அவர் எழுந்திருக்கப் பார்ப்பதும், காயத்ரி கையைப் பிடித்து உட்கார வைப்பதுமாக இருந்தது. மாமியார் போலிருக்கிறது என்று ஜெயக்குமார் இரண்டு பேருக்கும் டீ வரவழைத்துக் கொடுத்தார்.

பதினொரு மணிக்கு டாக்டர் விஷாகா வந்தாள். செங்கல்பட்டில் நோய்ப் பரவலை ஆராய்கிறவள். காய்ச்சல் கணக்கெடுக்க திருப்போரூர் வந்தவள், பள்ளித் தோழன் ஜெயக்குமாரின் ஜீப்பைப் பார்த்து நின்றாள். அவர் வரைபடத்தை நீட்டினார்.

"ஹாட்ஸ்பாட்டு. எப்டி கீது?"

விஷாகா சிரித்தாள். அவள் வீட்டில் இந்தச் சொல்லுக்குப் பஞ்சமே இல்லை. கணவர் ஜெயகிருஷ்ணன் பாறைகளை ஆராய்கிறவர். பூமிக்கு அடியில் நெருப்பு ஒரே இடத்தில் நிற்கும், மேலே தரை நகர்ந்துகொண்டே போகும், வரிசையாக எரிமலைகள் முளைக்கும், அதுதான் ஹாட்ஸ்பாட் என்பார். நாத்தனார் காட்டுயிர்களை ஆராய்கிறவள். வேறெங்கும் இல்லாத உயிர்கள் நிறைந்து, காட்டில் பெரும்பகுதி அழிந்தும் போன இடத்தைத்தான் அப்படிச் சொல்லலாம் என்பாள். இரவுச் சாப்பாட்டில் இந்தச் சண்டை வந்தால் ரசம் ஆறிவிடும்.

"எனக்கு நோயாளிங்க குவியற இடம், உனக்குப் புகார் குவியற இடம்," என்றாள் விஷாகா. "ஆனா போன வருஷம் நான் ஏமாந்தேன். டெங்கு வந்தவங்க எல்லாம் ஒரே தெரு. தெரு முழுக்க மருந்து அடிச்சோம், காய்ச்சல் நிக்கல. அந்தக் கொசு பகல்ல கடிக்கும். பகல்ல அவங்க எல்லாரும் சிறுசேரிப் பக்கம் ஒரே கட்டட வேலையில இருந்தாங்க. படுத்த எடம் வேற, கடிபட்ட எடம் வேற."

ஜெயக்குமார் வரைபடத்தையும் அவளையும் மாறி மாறிப் பார்த்தார்.

விஷாகா காசியம்மாளிடம் போனாள். காரில் வந்த குழந்தைகளுக்கும் அவள்தான் இன்று காலையிலிருந்து தண்ணீர் ஊற்றியிருந்தாள். அதில் தங்க அரைஞாண் போட்ட குழந்தைகூட ஒன்று. எதுவும் தொலையவில்லை. பிறகு விஷாகா, முன்பு பறிகொடுத்த நான்கு குடும்பங்களுக்கும் போன் போட்டாள். நான்கும் செங்கல்பட்டிலிருந்து கூட்டமான பஸ்ஸில் வந்தவை. குழந்தையை யாராவது தொட்டார்களா என்று கேட்டால், யாரும் தொடவில்லை என்றே எல்லாரும் சொன்னார்கள். பஸ்ஸில் உட்கார இடம் கிடைத்ததா என்று அடுத்துக் கேட்டாள். அதற்கு வந்த பதிலும் ஒன்றாகவே இருந்தது.

கடைசியாக காயத்ரியிடம் வந்தாள்.

"பஸ்ல நின்னுகினா வந்தீங்க?"

"ஆமாங்க. நிக்கவே எடம் இல்ல."

"கொழந்த?"

"இந்தம்மா ஒக்காந்திருந்தாங்க. குடும்மான்னு வாங்கி மடியில வச்சுகினாங்க. எறங்கறவரைக்கும் நல்லா தூங்கினான்."

"இவங்க உங்களுக்கு இன்னா உறவு?"

"உறவெல்லாம் இல்லீங்க. இன்னிக்கு பஸ்லதான் பழக்கம். தங்கமான மனுசி. நான்தான் கூட வாங்கன்னு இட்டாந்தேன்."

சொல்லி முடித்த பிறகுதான் காயத்ரி திரும்பிப் பார்த்தாள். ஜெயக்குமாருக்குத் தான் அவருக்கு டீ வாங்கிக் கொடுத்தது ஞாபகம் வந்தது.

துர்காதேவியின் பையை, ஜெயக்குமாருடன் வந்திருந்த பெண் காவலர் திறந்தார். திருநீற்றுச் சுருக்குப்பைக்குள் அரைஞாண் இருந்தது. காயத்ரியின் கைப்பிடியிலிருந்து தப்ப முடியாமல் போனதுதான் அந்த அம்மாளின் கெட்ட நேரம்.

நிற்பவரின் குழந்தையை உட்கார்ந்திருப்பவர் வாங்கிக்கொள்வது நம் பஸ்ஸில் சாதாரணம். உதவியாகத்தான் அது மனதில் நிற்கும், தொட்டதாக நிற்காது. "காலுல கொலுசு அப்டியே கீது, பாத்தியா?" என்றாள் விஷாகா. "அத எடுத்தா பஸ்லயே தெரிஞ்சிடும். துணிக்கு உள்ள இருக்கறது இங்க அவுக்கும்போதுதான் தெரியும். உன் வரைபடத்துல இருக்கறது திருட்டு நடந்த எடம் இல்ல ஜெயா. திருட்டு தெரிஞ்ச எடம்."

ஜெயக்குமார் நல்ல மனிதர். எல்லார் முன்னாலும் காசியம்மாளிடம் மன்னிப்புக் கேட்டார். குத்தகைக்காரர் வேறு பக்கம் பார்த்துக்கொண்டு, நாளைக்குச் சீக்கிரம் வரச் சொன்னார்.

ஹேமந்துக்கு இன்னும் தண்ணீர் ஊற்றவில்லை. காயத்ரி குழந்தையைத் தூக்கிக்கொண்டு அண்டா அருகே வந்து நின்றாள். காசியம்மாள் கை நீட்டவில்லை.

"கொலுச கழட்டி நீயே வச்சுக்கம்மா," என்றாள். "அப்பால குடு."

காயத்ரியின் முகம் சிவந்துவிட்டது. கொலுசைக் கழற்றாமல், குழந்தையை அப்படியே அவள் கையில் கொடுத்தாள். கொடுத்துவிட்டு, பக்கத்தில் நின்று பார்க்காமல், சந்தனம் வாங்கி வரக் கடைப் பக்கம் போனாள்.