கல்யாண அறைக்குப் பாய் விரித்தவள்

"ஷூவோட உள்ள வராதீங்க!"

இட்சுகோ போட்ட சத்தத்தில், மழைக்கு ஒதுங்க ஓடிவந்த அந்த ஆள் அப்படியே நின்றான். நின்ற இடம், தரை முழுக்க அவள் அன்று காலையில்தான் விரித்து முடித்த கனத்த ததாமிப் பாய். கியோட்டோ ஸ்டூடியோவின் பெரிய கொட்டகைக்குள் அவள் கலை இயக்குநராகப் போடும் முதல் செட்.

"செட்டுதானேங்க... இந்த அறைக்குக் கூரைகூட இல்லையே?"

"நாளைக்குக் கல்யாணப் பொண்ணு இதுல உட்காரணும். உங்க வீட்டுப் பாயை இப்படி மிதிப்பீங்களா?"

எந்த ஜப்பானியனும் வீட்டுப் பாயை ஷூவோடு மிதிக்க மாட்டான். அவன் ஷூவைக் கழற்றிவிட்டு, மண்டியிட்டுக் கைக்குட்டையால் துடைத்தான். நனைந்த இமைகள்... நல்ல கண்கள்தான். இருக்கட்டும், அதற்காகப் பாயை மிதிக்கலாமா?

துடைத்த கை நின்றது.

"ஏங்க... நாலு பாயோட மூலையும் ஒரே இடத்துல சேருதே. இழவு வீட்டுலதானே இப்படிப் போடுவாங்க?"

இட்சுகோ குனிந்து பார்த்தாள். முகம் வெளுத்துவிட்டது. போன மாதம் அப்பா இறந்தபோது வீட்டுப் பாய்களை அவள்தான் மாற்றிப் போட்டாள். கை இங்கேயும் அதையே செய்திருக்கிறது. டைரக்டரோ சகுனம் பார்க்கிறவர். கண்ணில் பட்டால் இன்றே மூட்டை கட்ட வேண்டியதுதான்.

"அழாதீங்க. அந்தப் பக்கம் பிடிங்க."

"நான் ஒண்ணும் அழல..."

இருவருமாகப் பாய்களை மாற்றிப் போட்டார்கள். விரல்கள் உரசின. இரண்டு பேரும் கவனிக்காததுபோல நடித்தார்கள், படுமோசமாக.

கடைசிப் பாய் படிந்த நேரம் டைரக்டர் வந்து, அவனைக் கண்டதும் இடுப்பு வளையக் குனிந்தார்.

"சவாகி சார்! தயாரிப்பாளரே நனையலாமா? சொல்லியிருந்தா குடையோட வந்திருப்பேனே!"

தயாரிப்பாளரா! இட்சுகோவுக்குப் பூமி பிளந்து உள்ளே போய்விடலாம் போலிருந்தது. பாயைப் பற்றி அவன் மூச்சு விடவில்லை.

அதன்பின் ஏதாவது ஒரு சாக்கில் சவாகி தினமும் செட்டுக்கு வந்தான். ஸ்டூடியோ முழுக்க வாய்க்கு வந்தபடி பேசியது. படப்பிடிப்பின் கடைசி நாள், மழை பெய்யும் வாசலில் அவளை நிறுத்தினான்.

"அடுத்த படத்துக்கும் நீங்கதான் செட் போடணும்."

"முடியாது சார். பாவம் பார்த்துத் தர்ற வேலை எனக்கு வேணாம். ஏற்கெனவே, தயாரிப்பாளரை மயக்கிட்டாள்னு பேசறாங்க."

"சரி. அப்போ வேற ஆளைப் பார்த்துக்கறேன்."

சுருக்கென்றது அவளுக்கு. இவ்வளவுதானா?

"படத்துக்குத்தான் வேற ஆள்..." அவன் ஓரடி நெருங்கி வந்தான். "செட் போட யாரு வேணா கிடைப்பாங்க, இட்சுகோ. எனக்கு உங்களைப் பிடிச்சிருக்கு. ரொம்ப."

எத்தனை வருடங்கள் மரத்தூளில் புரண்டு சம்பாதித்த பெயர்! வேலையை விட்டால் இவன். இவனை விட்டால் வேலை. நாலு பேர் வாய்க்குப் பயந்து அவள் எதற்கு ஒன்றை விட வேண்டும்?

"யாரு வேணா கிடைப்பாங்களா? தேடித்தான் பாருங்களேன்! அந்தப் படம் எனக்குத்தான்."

அவள் தலை தானாகக் குனிந்தது.

"நீங்களும்தான்..."