ஊஞ்சல் பலகையில் ஐந்து மெட்ரோனோம்கள்

"நான் திருடலை, மிஸ் ஐடா. ஆனா வெள்ளிக்கிழமைக்கு அப்புறம் எல்லாருக்கும் நான்தான் திருடி" என்றாள் நேடின் பாஸ்கம். நனைந்த கோட்டைக்கூட அவள் கழற்றவில்லை.

டெட்ராய்ட்டின் மேற்குப் பகுதியில், ஒரு முடிவெட்டும் கடைக்கு மேலே இருந்தது ஐடா டாலிவரின் துப்பறியும் அலுவலகம். ஐடா எதற்கும் அவசரப்படாதவள். அவளுக்கும் சேர்த்து அவசரப்படத் தம்பி ரூஃபஸ் இருந்தான்.

நேடின் இசைக் கல்லூரியில் படித்துக்கொண்டே அங்கே பாடமும் எடுப்பவள். போன கோடையில் ஐந்து மெட்ரோனோம்களை வைத்து ஓர் இசை அமைத்தாள். பியானோ பழகுகிறவர்களுக்கு டிக் டிக் என்று தாளம் காட்டும் அந்த மரப்பெட்டிகள் முதலில் தாறுமாறாக அடிக்கும். பிறகு கொஞ்சம் கொஞ்சமாக நெருங்கி, கடைசியில் ஐந்தும் ஒரே அடியாக விழும். அவ்வளவுதான் இசை. பதிவு செய்த ஒரே கேசட், அவள் அதை யாருக்கும் போட்டுக் காட்டும் முன்பே வீட்டிலிருந்து காணாமல் போனது. இப்போது பேராசிரியர் விட்லாக் ஒரு கேசட்டைப் போட்டுக் காட்டி, ஏழு வருடத்துக்கு முன்பே தான் செய்தது இது, மாணவி காப்பியடித்துவிட்டாள் என்கிறார். வெள்ளிக்கிழமை டீன் விசாரிக்கிறார். தோற்றால் நேடினுக்குப் படிப்பும் இல்லை, வேலையும் இல்லை.

"எங்க வச்சு பதிவு பண்ணீங்க?" என்று கேட்டாள் ஐடா.

"வராந்தா ஊஞ்சல்ல. வீட்டுக்குள்ள ஒரே புழுக்கம்."

"மெட்ரோனோமுக்குத் தாலாட்டா?" என்றான் ரூஃபஸ். அக்கா திரும்பிப் பார்த்ததும் வாயை மூடிக்கொண்டான்.

"கூட யார் இருந்தாங்க?"

"யாருமில்லை." பதில் கொஞ்சம் சீக்கிரமாகவே வந்தது. "எங்க வீட்டுக்காரர் லெமுவேல் வேலைக்குப் போயிருந்தார். அந்தக் கேசட் எங்க வீட்ல பதிவானதுன்னு மட்டும் நிரூபிச்சுக் குடுங்க, மிஸ் ஐடா. அது போதும்."

வெள்ளிக்கிழமை, ஐடா கேட்டுக்கொண்டபடி, பதிவு நடந்ததாக விட்லாக் சொன்ன அவர் வீட்டுப் படிப்பறையிலேயே விசாரணை நடந்தது. டீன் அம்மையார் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார். நேடினுக்குப் பின்னால் லெமுவேல் நின்றான். இலையுதிர் காலத்தில் கல்லூரிச் சேப்பலில், அங்கிருக்கும் சின்ன தேவாலயத்தில், அவனுக்குப் பாடகர் வேலை கிடைத்திருந்தது. கணப்பு எரிந்து அறை வெந்துகொண்டிருந்தும் அவன் கைகள் கோட்டுப் பைக்குள்ளேயே இருந்தன.

விட்லாக் கேசட்டைப் போட்டார். டிக் டிக்குகள் சிதறி, நெருங்கி, ஒன்றாயின. ஒரு பெட்டியில் மணி இருந்தது. நான்கு அடிக்கு ஒருமுறை, முதல் அடியில் அது ஒலித்தது. கடைசிப் பகுதியில் யாரோ மெதுவாகக் கை தட்டுவதும் கேட்டது.

"தட்டுறது நான்தான். தனியாத்தான் இருந்தேன். பெட்டியெல்லாம் இதோ, இந்தக் கணப்புக்கு மேல, பளிங்கு மேல இருந்தது" என்றார் அவர்.

"அதே மாதிரி வச்சுக் காட்டுங்களேன், சார்."

ஐந்து பெட்டிகளையும் ஒரே வேகத்துக்குத் திருகி, பளிங்கின் மேல் வைத்து ஓடவிட்டார். காபி வந்தது, ஆறியது. ஐந்தும் ஐந்து பக்கமாக அடித்துக்கொண்டிருந்தன. எல்லோரும் பெட்டிகளைப் பார்த்தார்கள். ஐடா எல்லோருடைய காலணிகளையும் பார்த்துக்கொண்டிருந்தாள்.

பிறகு ரூஃபஸ் காரிலிருந்து நேடினின் ஊஞ்சல் பலகையைத் தூக்கிவந்து கதவு நிலையில் தொங்கவிட்டான். வெயிலில் காய்ந்து லேசாகிப் போன பழைய பலகை. பெட்டிகளை அதன்மேல் மாற்றிவைத்ததும் டிக் டிக்குகள் ஒன்றையொன்று தேடத் தொடங்கின. அடுத்த காபி ஆறுவதற்குள் ஐந்தும் ஒரே அடியாக விழுந்தன. தரையில் குதிகால்கள் தாளம் போட, ஐடா மறுபடி காலணிகளைப் பார்த்தாள்.

"ஒவ்வொரு முள்ளும் ஆடும்போது பலகையைத் துளி தள்ளுது. பலகை மத்த முள்ளையெல்லாம் தள்ளுது. தள்ளித் தள்ளி எல்லாம் ஒரே நடைக்கு வந்துடுது. பளிங்கு அசையாது, சார். அங்க ஒண்ணு சொல்றது இன்னொண்ணுக்குக் கேக்காது" என்றாள் ஐடா.

விட்லாக் உதட்டைத் துடைத்தார். "அப்போ ஏதாவது தொங்கற தட்டுல வச்சிருப்பேன். ஏழு வருஷம் ஆச்சு, யாருக்கு ஞாபகம்? கேசட் என்னுது. கைதட்டலும் என்னுது."

"இத்தோட தீர்ப்பு சொல்லிடுவீங்களா, மேடம்?" என்று ஐடா டீனிடம் கேட்டாள்.

"முடியாதே. அவர் சொல்றதும் நடந்திருக்கலாம்."

ஐடா நேடினைப் பார்த்தாள். நேடின் தரையைப் பார்த்தாள். கடைசியில், சொல்லுங்கள் என்பதுபோல் தலையை மட்டும் அசைத்தாள்.

"சார், அன்னைக்கு மாதிரியே கொஞ்சம் தட்டுங்க."

விட்லாக் தட்டினார். மணியோடு ஒரு தட்டு, மூன்றாவது அடியில் ஒரு தட்டு.

"கேசட்டைத் திரும்பக் கேளுங்க. அதுல மணி அடிக்கிறப்போ கை சும்மா இருக்கு. ரெண்டாவதுலயும் நாலாவதுலயும்தான் விழுது. எங்க கறுப்பர் சர்ச்சுல அப்படித்தான் தட்டுவோம். உங்களை மாதிரி மணியோட தட்டினா வரிசையே திரும்பிப் பார்க்கும், சார். நீங்க தனியா இருக்கலை. அங்க இருந்தது நீங்களே இல்லை." ஐடா குரலை உயர்த்தவில்லை. "பலகையில அஞ்சும் ஒண்ணா அடிச்சப்போ, இந்த அறையில ரெண்டாவதுலயும் நாலாவதுலயும் தட்டுன குதிகால் ரெண்டு பேரோடதுதான். ஒண்ணு எங்க ரூஃபஸோடது."

"கோடை முழுக்க நான் அலபாமால இருந்தேன்க்கா."

"தெரியும்டா. இன்னொருத்தர் வந்ததுலேருந்து பையிலேருந்து கையை எடுக்கலை."

லெமுவேல் கைகளை வெளியே எடுத்தான். அவற்றை எங்கே வைப்பதென்று அவனுக்குத் தெரியவில்லை.

"சீக்கிரம் வந்துட்டேன் அன்னைக்கு. படியில உக்காந்து கேட்டுட்டிருந்தேன்" என்றான். "பேராசிரியர் கேட்டுட்டுத் தரேன்னுதான் என்கிட்ட கேசட்டை வாங்குனாரு. அப்புறம் சேப்பல்ல வேலை குடுத்தாரு. அதுக்கப்புறம் வாயைத் திறக்க முடியலை, நேடி."

நேடின் அவன் பக்கம் திரும்பவில்லை. "பேராசிரியர் இதை முதல் தடவை போட்டப்பவே எனக்குத் தெரியும், மிஸ் ஐடா. லெமுவேல் கை எப்பவும் ஒரு மயிரிழை பின்னாலதான் விழும். சர்ச் பாட்டுக்குழுவுல எத்தனை தடவை திட்டு வாங்கியிருக்கார். பலகையோட முடிஞ்சிரும், இவர் பேர் வெளிய வராதுன்னு நினைச்சேன்."

ரூஃபஸ் பெட்டிகளை ஒவ்வொன்றாக நிறுத்தினான். விட்லாக் ஜன்னலைப் பார்த்தபடி நின்றார்.

டீன் எழுந்து நேடினின் கையைப் பிடித்துக்கொண்டார். "இசை உன்னுது, நேடின். கல்லூரி செலவுல புதுசா, சுத்தமா பதிவு பண்ணிடலாம். அந்தக் கைதட்டல் இல்லாம."

"வேண்டாம் மேடம், அது அப்படியே இருக்கட்டும்." நேடின் கோட்டை மாட்டிக்கொண்டாள். "நான் பண்ணின ஒண்ணுல அவர் என்னோட சேர்ந்துகிட்டது அந்த ஒரு தடவைதான்."