மாறியதை மட்டும் எழுதும் கோப்பு

வெறும் அறையைப் படம் பிடித்த கோப்பு, சுருங்கியிருக்க வேண்டும். ஊதியிருந்தது.

பழைய வீடியோக்களைப் புது வடிவத்துக்கு மாற்றிக் கொடுப்பதுதான் அவள் பிழைப்பு. அன்று மத்தியானம் கையில் வேலை குறைவு என்பதால் சொந்த வீட்டுக் கோப்புகளை எடுத்தாள். வீடு வாங்கிய புதிதில், சாமான்கள் வருவதற்கு முன், கணவன் கேமராவை அசையாமல் நிறுத்தி எடுத்த, பழைய ஏவிஐ வடிவக் கோப்பு அது. அந்தக் கேமராவின் ஏவிஐ சுத்த ஊதாரி; ஒவ்வொரு படத்தையும் முழுசாகச் சேர்த்து வைக்கும். புது வடிவமான எம்பி4 கருமி. முதல் படத்தை வைத்துக்கொண்டு, பிறகு எது மாறியதோ அதை மட்டும் எழுதும். எதுவுமே அசையாத அறையில் அதற்கு எழுத என்ன இருக்கிறது?

மறுபடி மாற்றிப் பார்த்தாள். அதே கனம். மின்விசிறியின் கறகறப்பு, திரைச்சீலை வழியே கசிந்த வெயில், பக்கத்து அறையில் தூங்கும் குழந்தை அவள் தோளில் விட்டுப்போன பால் வாசனை எல்லாம் வழக்கம்போலவே இருந்தன. மாறிய இடங்களைப் பச்சைக் கட்டங்களாகக் காட்டும் வசதியைத் தட்டினாள்.

மூலையில் மட்டும் கட்டங்கள் மினுங்கின. ஓர் ஆள் உயரத்துக்கு. சுவரோரமாக நகர்ந்தன. ஜன்னலுக்குக் கீழே வந்து குனிந்தன. இப்போது அங்கேதான் தொட்டில் இருக்கிறது.

கணவனுக்குப் போன் செய்தாள். பழைய கேமரா கண்டதையும் பதிந்திருக்கும் என்று சிரித்தான். குழந்தை எழுந்து அழுதாளா என்று கேட்டான்.

“இப்பல்லாம் அவ அழறதே இல்லைங்க. தனியா கிடந்து சிரிக்கிறா.”

“பயப்படாதே. அவளுக்கு வேத்து முகமே ஆகாது. பெத்த அப்பன் என்கிட்டயே யோசிச்சுத்தான் வர்றா. வேற யார்கிட்ட போகப்போறா?”

பக்கத்து அறையில் குழந்தை சிரித்தது.

ஓடினாள். வாரியெடுத்து நெஞ்சோடு அணைத்தாள். அறையில் யாரும் இல்லை. ஈரச் சுண்ணாம்பு வாசனை மட்டும். எதிர்ச் சுவரில் குழந்தைக்காக மாட்டிய கேமராவைப் போனில் திறந்து, அதிலும் அசைவைக் காட்டும் கட்டங்களைப் போட்டாள். அவள் மேல் கட்டங்கள். குழந்தையைத் தட்டிக்கொடுத்துக்கொண்டிருந்தாள் அல்லவா. குழந்தை மேல் சில. வேறெங்கும் இல்லை. அப்பாடா என்று மூச்சு விட்டாள்.

குழந்தை நெளிந்தது. அவள் தோளுக்குப் பின்னால் பார்த்தது. இரண்டு கைகளையும் நீட்டியது. தூக்கச் சொல்லி.

திரும்பினாள். வெறும் சுவர்.

போனைப் பார்த்தாள். அவளை உரசியபடி, ஓர் ஆள் உயரத்துக்குப் பச்சைக் கட்டங்கள். அவற்றிலிருந்து நீண்ட இரண்டு கைகள்.

அவள் பிடியில் குழந்தையின் கனம் குறையத் தொடங்கியது.