இன்னும் ஆறு மாதம் அவகாசம்

எந்தக் கோர்ட்டு என்று கேட்காதீர்கள். கிள்ளான் பக்கம், வெள்ளைக்காரன் கட்டிவிட்டுப் போன பழைய கட்டடம் என்பதோடு விட்டுவிடுவோம். பிரிக்பீல்ட்ஸிலிருந்து தினமும் ரயிலேறி அங்கே வருவார் துணைப் பதிவாளர் சண்முகரத்தினம். 1987 மார்ச்சில், மழை விடாமல் பிடித்துக்கொண்ட ஒரு காலையிலும் அப்படித்தான் வந்தார்.

மனுஷர் பரம சாது. கெடு தாண்டி மனு கொண்டுவரும் வக்கீல்களுக்கு அவர் அறை என்றால் கொண்டாட்டம். யார் வந்து தலையைச் சொறிந்தாலும் அவகாசம் கொடுத்துவிடுவார். இளகின மனசு யாருக்காக இளகுகிறது என்று பார்க்க வேண்டாமா? அவர் பார்க்கவில்லை. எனக்கு அந்தக் கோபம் இன்னும் இருக்கிறது.

அன்று வந்தது நல்லம்மாளின் வழக்கு. மேரு என்ற பக்கத்து ஊரில் தொழிற்சாலை வேலைக்குப் போகிறவள். ஐந்தாம் மாதம் ஸ்கேன் எடுத்த டாக்டர், வயிற்றில் இருப்பது பெண் என்று மாமியாரிடம் சொல்லியிருக்கிறார். தலைச்சன் ஆணாகத்தான் இருக்க வேண்டும் என்று ஒற்றைக்காலில் நின்ற மாமியார், அதே கிளினிக்கில் கலைக்கவும் வைத்துவிட்டாள். கர்ப்பப்பையும் அதோடு போயிற்று. புருஷன் அதற்குப் பிறகு வீட்டுப் பக்கம் வரவில்லை. எல்லாம் நடந்து ஒரு மாதம்தான் ஆகியிருந்தது.

டாக்டர் பதினான்கு நாளில் பதில் மனு போட வேண்டும். போடாவிட்டால் நல்லம்மாள் ஜெயித்ததாகத் தீர்ப்பு. அதைக் காட்டியே கிளினிக்கை மூட வைத்துவிடலாம்.

பதில் மனு வரவில்லை. டாக்டரின் வக்கீல் ராதாகிருஷ்ணன் மட்டும் சிரித்த முகத்தோடு வந்தார்.

"டாக்டர் ரொம்ப பிஸி லா சார். நாலு மாசம் டைம் குடுங்க."

கொடுத்தார்.

ஜூலையில் மறுபடி அழைத்தபோது அறைக்குள் ஒரு வாசனை இருந்தது. குழந்தைப் பவுடரும் புளித்த பாலும் கலந்த வாசனை. ராதாகிருஷ்ணன் அடுத்த சாக்கைச் சொல்லிக்கொண்டிருக்கையில், அலமாரிப் பக்கமிருந்து அழுகைச் சத்தம் கேட்டது. பிறந்து நாலு நாள்கூட ஆகாத குழந்தையின் குரல்.

"தம்பு, யாரோ பிள்ளையைக் கொண்டு வந்திருக்கினம். வெளியில போகச் சொல்லும்."

பியூன் தம்புசாமி வராந்தா முழுக்கத் தேடிவிட்டு வந்தார்.

"யாருமே இல்லைங்க சார்."

சண்முகரத்தினத்தின் சந்தேகம் நேரே நல்லம்மாள் மேல் போயிற்று. பரிதாபம் தேடுவதற்காக இரவல் குழந்தையைத் தூக்கி வந்திருக்கிறாள், தம்புசாமியையும் கையில் போட்டுக்கொண்டிருக்கிறாள் என்று கணக்குப் போட்டார். அந்த எரிச்சலிலேயே ராதாகிருஷ்ணனுக்கு இன்னும் எட்டு மாதம் கொடுத்தார்.

எட்டு மாதம் கழித்து, அதே அறையில், மேசைக்கு அடியில் யாரோ அவருடைய சப்பாத்துக் கயிற்றை இழுத்தார்கள்.

குனிந்து பார்த்தார். ஒன்றுமில்லை. ஆனால் வாசலிலிருந்து அவர் நாற்காலிவரைக்கும், துடைத்த தரையில் ஈரமான சின்ன உள்ளங்கைத் தடங்கள் வரிசையாக இருந்தன.

திரும்பிப் போன தடம் இல்லை.

"பிள்ளையை எங்க ஒளிச்சு வச்சிருக்கிறீர்?" என்று நல்லம்மாளை அதட்டினார். அவள் பையைக்கூடக் கொட்டிக் காட்டச் சொன்னார். ஒரு சாப்பாட்டு டப்பாவும் பஸ் டிக்கெட்டும் விழுந்தன.

"எனக்கு ஏதுங்க சார் பிள்ளை?" என்றாள். அவள் கண் மட்டும் மேசைக்கு அடியிலேயே இருந்தது.

அடுத்த அவகாசம் ஒரு வருஷம். அதற்கடுத்தது இன்னொரு வருஷம். ராதாகிருஷ்ணனுக்கு எதுவும் கேட்கவில்லை, எதுவும் மணக்கவில்லை. சண்முகரத்தினத்துக்கோ, வழக்கு நாளெல்லாம் அலமாரிக்குப் பின்னால் குடுகுடுவென்று ஓடும் காலடி கேட்டது.

1990 மார்ச்சில் ஒரு நாள், பஸ் ஜன்னல் வழியாக அந்த கிளினிக்கைப் பார்த்தார். வாசலில் நீண்ட வரிசை. வயிற்றோடு இளம்பெண்கள், ஒவ்வொருத்திக்கும் காவலாக ஒரு மாமியார். மூன்று வருஷமாக இந்தக் கதவைத் திறந்து வைத்திருப்பது டாக்டர் இல்லை, தான்தான் என்பது அவருக்கு அப்போதுதான் உறைத்தது.

மறுநாள் வழக்கு நாள். முடிவோடு அறைக்கு வந்தார்.

"இன்னும் ஆறே மாசம் சார்," என்றார் ராதாகிருஷ்ணன்.

"முடியாது. இண்டைக்கே தீர்ப்பு எழுதுறன்."

பேனாவைத் திறந்தார். அலமாரிக்குப் பின்னால் ஓட்டம் சட்டென்று நின்றது. விசிறிச் சத்தம்கூட அடங்கிப்போனது.

"வேணாங்க சார்."

சொன்னது ராதாகிருஷ்ணன் இல்லை. நல்லம்மாள்.

மேசையருகே வந்து குனிந்து, அவருக்கு மட்டும் கேட்கும்படி கிசுகிசுத்தாள்.

"டைம் குடுத்துடுங்க சார். கேஸ் முடிஞ்சா பைலைக் கட்டி மூட்டையில போட்டுடுவீங்க. அப்புறம் அவ எங்க போவா?"

"ஆர்?"

"பொறந்த சர்ட்டிபிகேட் இல்ல, செத்த சர்ட்டிபிகேட் இல்ல. அவ இருந்தான்னு எழுதியிருக்கிறது உங்க பைல்ல மட்டும்தான். அதனாலதான் இங்க வரா. வீட்டுக்குக் கூப்பிட்டேன் சார், வர மாட்டேங்கறா. போன தடவை கேஸுக்கு வந்தப்பதான் அம்மான்னு சொன்னா."

கிளினிக் வரிசையில் நின்ற மற்ற பெண்களைப் பற்றிச் சொல்ல அவர் வாயெடுத்தார். பெற்றவளின் முகத்தைப் பார்த்துவிட்டு அவரால் சொல்ல முடியவில்லை. பழைய பழக்கம் கையை இழுத்தது. ஆறு மாதம் என்று எழுதினார். அவகாசத்துக்கு எதிர்ப்பு இல்லை என்ற தாளில் நல்லம்மாள் பெருவிரலை உருட்டி வைத்தாள். எதிர்பாராத சந்தோஷத்தில் ராதாகிருஷ்ணன், டாக்டருக்குப் போன் பண்ண ஓடினார்.

நல்லம்மாள் கதவைத் தாண்டும்போது, இடுப்புயரத்துக்குக் கையைத் தாழ்த்தி எதையோ ஒருமுறை தடவிக் கொடுத்துவிட்டுப் போனாள்.

அறையில் அவர் மட்டும் இருந்தார். தாளைக் கோப்பில் வைக்க எடுத்தார்.

அவள் ரேகைக்குப் பக்கத்தில் இன்னொரு ரேகை. மூன்று வயது விரல் அளவு.

அதன் கீழே இன்னொன்று, அதைவிடச் சின்னதாக.

அதன் கீழே இன்னொன்று.

எண்ணினார். பதினொன்று. கடைசியாக இருந்தது அரிசிமணி அளவுதான். எல்லாமே மை காயாமல் பளபளத்தன.

அவர் பார்த்துக்கொண்டிருக்கும்போதே பன்னிரண்டாவது விழுந்தது.