திரைக்குப் பின்னால் வாங்குகிறவள்

செயிண்ட் லூயிஸில் அந்தப் பழைய தியேட்டருக்குள் நான் பெட்டியோடு நுழைந்தபோது மழை பிடித்துக்கொண்டது. உள்ளே ஈரக் கம்பளமும் முகப் பவுடரும் கலந்த வாடை. பகல் காட்சியில் கைதட்டல் வாங்கினால் ஈஸ்டர் வரை ஒப்பந்தம். இல்லையென்றால் அடிக்கிற புருஷன் வீட்டுக்கே திரும்ப வேண்டியதுதான்.

எங்கள் ஆட்டத்தில் உடையைக் கழற்றுவது வித்தையில்லை, கழற்றாமல் இழுத்தடிப்பதுதான் வித்தை. கழற்றியதைத் திரும்பிப் பார்க்காமல் முதுகுக்குப் பின்னால் திரையின் இடுக்கில் நீட்டுவோம். உள்ளே நிற்பவள் வாங்கிக்கொள்வாள். இங்கே அது ஓபலின் வேலை.

"பின்னால மட்டும் திரும்பிடாதேடி. ஆட்டம் சப்புனு போயிடும்."

"நீ தூங்காம நின்னா போதும்க்கா."

டிரம் மெதுவாக அடித்தது. ஒரு கையுறையை விரல் விரலாக உருவி நீட்டினேன். சாட்டின் உறை போட்ட கை வாங்கியது. துணியையும் மீறி ஜில்லென்றிருந்தது. ஓபலும் உறை போடுவாள் போல என்று நினைத்து, மேலங்கியையும் கொடுத்தேன்.

அப்போதுதான் எதிரே, இருக்கைகளுக்கு நடுவே ஓபலைப் பார்த்தேன். சிகரெட் பிடிக்கப் போனவளைப் பின்கதவு வெளியே வைத்துப் பூட்டிவிட்டதாம். முன்வாசல் வழியாக நனைந்து வந்து நின்றாள்.

"அங்க யாருடி?" உதடு மட்டும் அசைந்தது.



நிறுத்தினால் வேலை போகும். பாவாடையை நீட்டினேன்.

வாங்கிக்கொண்டது. மெதுவாக, தாளம் தப்பாமல்.

கைதட்டல் ஓய வெகுநேரமானது. ஒப்பந்தமும் கிடைத்தது. திரைக்குப் பின்னால் என் உடைகள் மடித்து வைக்கப்பட்டிருந்தன. மேலே, மஞ்சளேறிய ஒற்றைச் சாட்டின் கையுறை. என்னுடையது அல்ல. உள்ளே கை இருப்பதுபோல் விரல்கள் உப்பியிருந்தன.

ஓபல் அப்போதே கோட்டை மாட்டிக்கொண்டாள். "நீயும் வந்துடுடி."

"எங்கக்கா போவேன்? அவன்கிட்டயா?"

அவள் மழையிலேயே இறங்கிப் போனாள். பிறகு திரும்பவேயில்லை.

அதன்பின் ஒவ்வொரு காட்சி முடிந்ததும் என் உடைகள் மேல் ஒன்று கிடந்தது. மற்ற கையுறை, ஒரு காலுறை, ஒரு கச்சை. பயத்தோடு பயமாக எனக்குப் புரிந்தது. திரைக்குப் பின்னால் வாங்குகிறவளும் அங்கே ஆடிக்கொண்டிருக்கிறாள். நான் ஒன்று கழற்றக் கழற்ற, அவளும் கழற்றுகிறாள்.

நேற்று கிடந்தது மெல்லிய உள்பாவாடை. இனி அவளிடம் கழற்ற எதுவுமில்லை என்று நிம்மதியாகத் தூங்கினேன்.

இன்று கையுறையை நீட்டினேன்.

வாங்கிய விரல்களில் தோல் இல்லை.

ஈஸ்டருக்கு இன்னும் நிறைய நாள் இருக்கிறது.