இரண்டாவது கோட்டிங்

அன்று காலை மருமகள் ஈரத்துண்டைக் கொண்டுவந்து பெரியவரின் தோளில் காயப்போட்டாள். ஓரம் இழுத்து, சுருக்கம் நீவிவிட்டுப் போனாள். அவர் உட்கார்ந்திருந்த நாற்காலியின் முதுகென்று நினைத்துவிட்டாள் போலிருக்கிறது. வேலை மும்முரம், பாவம் என்று அவரும் பெருந்தன்மையாகச் சிரித்துக்கொண்டார்.

வாழ்நாளெல்லாம் ஊரார் வீடுகளுக்குப் பெயிண்ட் அடித்தவர். கை நடுங்கத் தொடங்கியபின் தன் அறையின் மூலையில் அந்த நாற்காலியே கதி. "அவரு சாப்ட்டாரா?" என்று மகனும் மருமகளும் அவர் தலைக்கு மேலேயே விசாரித்துக்கொள்வார்கள். கொஞ்ச நாளாக அதுவும் நின்றிருந்தது. மகன் ஒருமுறை முகத்தைப் பார்த்துப் பேசினால் போதும் என்றிருந்தது அவருக்கு.

மத்தியானம் மகன் வந்தான். வண்டிச் சாவியை அவர் மடியில் வைத்தான்.

"என்னடா, நான் என்ன ஸ்டூலா?" என்றார். மகன் காதைக் குடைந்துகொண்டே போனான்.

அப்புறம்தான் அந்த நெடி வந்தது. பிரைமரின் காரமும் விரிசல்களில் பூசிய ஈரப் பட்டியின் சுண்ணாம்பு வாடையும் உப்புத்தாள் சுவரைத் தேய்க்கும் சரசரப்பும் கூடத்தைக் கடந்து, ஒவ்வொரு சுவராக, அவர் அறை வாசல்வரை ஊர்ந்து வந்தன. அவரிடம் யாரும் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் கலராவது பார்த்துக் கொடுத்திருப்பார்.

பெயிண்டர்கள் இருவர். கட்டிலைத் தூக்கினார்கள். அலமாரியை. அவருடைய செருப்பை.

"மூலையில இருக்கறதை என்ன சார் பண்றது?"

"அது ரொம்ப வருஷமா அங்கேயேதான் இருக்கு. விடுங்க," என்றான் மகன்.

தொழிலில் சோம்பேறிகளுக்கு ஒரு வழி உண்டு. நகர்த்த முடியாத ஆணியோ, ஒட்டிக்கிடக்கும் பல்லியோ, சேர்த்து அடித்துவிட்டுப் போவது. தாம் அப்படிப் பூசிவிட்ட பல்லியொன்று அதன்பின் வருடக்கணக்கில் வெள்ளையாகவே உச்சுக்கொட்டியது என்று பெரியவர் சத்தியம் செய்வார். அசையாததெல்லாம் சுவர்தான் என்று சிரிப்பார்.

அசைந்தால் போதும்.

கையைத் தூக்கினார். எழுந்தது.

பெயிண்டர் அதில் வாளியை மாட்டினான்.

ரோலர் முழங்காலில் ஏறியது. குளிர்ச்சி. வயிறு. மார்பு. கழுத்து. "கண்ணா," என்றார். வாய்க்குள் வெள்ளை கசந்தது.

சாயங்காலம் மகன் வந்தான். சுற்றிலும் பார்த்தான். மூலைக்கு வந்ததும் நின்றான். குனிந்தான். பல வருடங்களுக்குப் பிறகு அப்பாவின் கண்களை நேராகப் பார்த்தான்.

"இங்க இன்னொரு கோட்டிங் அடிச்சிடுங்க. கறுப்பா ரெண்டு புள்ளி தெரியுது."

பெரியவர் கண் சிமிட்டினார்.

ரோலர் மறுபடி நனைந்தது.